என் வீட்டுக்காரரோட பிரெஞ்சு

ஜன்னல் பக்கம் நீங்களே உக்காருங்கம்மா. எனக்கு வெயில் ஆகாது. பாண்டிதானே? நல்லது. திண்டிவனத்துல இறங்குறவங்கன்னா பாதிப் பேச்சுல விட்டுட்டுப் போயிடுவாங்க.

இப்ப போன்ல பேசினது என் வீட்டுக்காரரு. ரொம்பச் சத்தமா இருந்துச்சா? மன்னிச்சுக்குங்க. அவரு குரலே அப்படித்தான், ஸ்பீக்கர் போடாமலே பஸ் பூரா கேக்கும். நாடக நடிகர். சினிமாவுலயும் நடிச்சவரு. அவரு பேசிக்கிட்டே இருந்தாரு, நான் 'வீ, வீ'ன்னு சொல்லிக்கிட்டே இருந்தேன். 'வீ'ன்னா பிரெஞ்சுல ஆமாம். ஆனா அவரு பேசினது பிரெஞ்சு இல்ல, அரபி. எனக்கு அரபி ஒரு வார்த்தை தெரியாது.

சிரிங்க, பரவாயில்ல. முப்பத்தஞ்சு வருசம் குடித்தனம் பண்ணிட்டு, புருசன் பேசுறது புரியலன்னு சொன்னா யாருக்கும் சிரிப்புதான் வரும். ஆனா முழுசையும் கேட்டுட்டுச் சிரிங்க.

அவரு பேரு முன்ஸிஃப். நான் முதல்முதல்ல வீட்டுல சொன்னப்போ எங்கம்மா, "என்னடி, கிராம முன்சீப்பா?"ன்னு கேட்டாங்க. எங்கப்பா சொல்தா, பிரெஞ்சுப் பட்டாளத்துல இருந்தவரு. நாங்க பாண்டியில பொறந்து பாரீசுக்குப் போன குடும்பம். நான் அங்கயே படிச்சு, சின்னப் பசங்களுக்கு டீச்சரானேன். செலஸ்தீன் டீச்சர்னா, பாரீசை ஒட்டி சார்செல்னு நாங்க இருக்குற ஊருல எல்லாருக்கும் தெரியும். பிரெஞ்சுக்காரப் பிள்ளைங்களுக்கே பிரெஞ்சு சொல்லிக் குடுத்தவ நான். அதைப் பெருமையா சொல்லல, நடந்ததைச் சொல்றேன்.

அவரு ஊரு துனீசியா. ஆப்பிரிக்காவோட வடக்கு ஓரம். நம்ம பாண்டி மாதிரி பிரெஞ்சுக்காரங்க கையில இருந்த நாடுதான். அதுல கெஃப்-னு ஒரு மலை ஊரு. அவங்கப்பா ரொட்டி சுடுறவரு. பையனும் ரொட்டி சுடுவான்னு அவரு நெனைச்சுக்கிட்டு இருக்க, இவரு பள்ளிக்கூட நாடகத்துல ஆரம்பிச்சு, ஊருல இருந்த நாடகக் குழுவுல போய்ச் சேர்ந்துட்டாரு. இருபத்திரண்டு வயசுல ஹன்னிபால் வேஷம் கட்டினாராம். ஹன்னிபால்னா யானைப் படையோட போயி ரோமாபுரியை ஆட்டி வெச்ச தளபதி, அவங்க நாட்டு ஆளு. ரோமாக்காரன் கட்டிட்டுப் போன கல் அரங்கம் ஒண்ணு அங்க இருக்கு. அதுல, மைக் கிடையாது, கடைசிப் படிக்கட்டுல உக்காந்திருந்த கிழவருக்கும் கேட்டுச்சாம். அவரு தோத்துப்போய் நிக்கிற கட்டத்துல ஆம்பளைங்கல்லாம் அழுதாங்களாம். நான் பாக்கல. அவரு சொன்னதுதான். அவரு தங்கச்சி ஸொஹ்ராவும் சொல்லுவா.

அப்புறம் நாடகம் படிக்கன்னு பாரீசுக்கு வந்தாரு. நான் பாத்தப்போ அவரு தளபதியும் இல்ல, ராசாவும் இல்ல. எங்க பள்ளிக்கூடத்துல குழந்தைங்க நாடகம் போட வந்த கும்பல்ல ஓநாய் வேஷம். மூஞ்சி பூரா மயிரு ஒட்டிக்கிட்டு, "உன்னைத் தின்னப்போறேன்!"ன்னு கத்துனாரு. ஒரு பிள்ளையும் பயப்படல, எல்லாம் சிரிச்சிடுச்சுங்க. அவரு பிரெஞ்சு அப்படி. முதல் வரிசையில இருந்த ஒரு வாண்டு எழுந்து, "மிசியே ஓநாய், அதை அப்படிச் சொல்லக்கூடாது"ன்னு திருத்துது.

நாடகம் முடிஞ்சு பாத்தா, குழந்தைங்க உக்கார்ற குட்டி நாற்காலியில, ஓநாய்த் தலையை மடியில வெச்சுக்கிட்டு உக்காந்திருக்காரு. பாக்கவே பாவமா இருந்துச்சு. நான் போயி, "மிசியே, உங்க 'ப' சரியில்ல"ன்னேன்.

நிமிர்ந்து பாத்தாரு. "அப்போ நீங்க சரி பண்ணிக் குடுங்க"ன்னாரு.

அவ்வளவுதாம்மா எங்க காதல். வேற ஒண்ணும் இல்ல.

அரபிக்காரங்களுக்கு 'பள்ளி'யில வர்ற 'ப' வராது. 'பாபு'ல வர்ற மாதிரிதான் வரும். "எங்க தமிழ்லயும் ரெண்டுக்கும் ஒரே எழுத்துதான். நான் கத்துக்கலியா?"ன்னு கேட்டேன். அதுக்கு ஒரு வழி இருக்கு. வாய்க்கு நேரா மெழுகுவத்தி ஏத்தி வெச்சு 'ப' சொல்லணும். சரியா சொன்னா சுடர் ஆடும். தப்பா சொன்னா அப்படியே நிக்கும். ஒரு வருசம், கல்யாணத்துக்கு முன்னாடியும் பின்னாடியும், எங்க சாப்பாட்டு மேசையில மெழுகுவத்தி எரிஞ்சுக்கிட்டே இருந்துச்சு. பாக்குறவங்க, ஆகா, என்ன காதல்னு நெனைச்சிருப்பாங்க.

எங்கம்மா அந்தக் கல்யாணத்துக்கு வரல. வேத்து மதம், வேத்து ஊரு, அதுல கூத்தாடி வேற. மேரியில போயி கையெழுத்துப் போட்டோம். அங்க நகரசபை ஆபீஸை மேரின்னுதான் சொல்லுவோம். அப்புறம் ஒருநாள் அவரே மீன் வாங்கி, அவங்க ஊரு மாதிரி காரமா சமைச்சு எடுத்துக்கிட்டு அம்மா வீட்டுக்குப் போனாரு. அம்மா ஒரு வாய் தின்னுட்டு, "முன்சீப்பு நல்லாத்தான் சமைக்கிறாரு"ன்னாங்க. அதோட சரியாப்போச்சு.

வீட்டுல அரபி வேணாம்னு நான்தான் சொன்னேன். கோவமா சொல்லல, அன்பாத்தான் சொன்னேன். ஒரு பாஷை நாக்குல உக்காரணும்னா இன்னொண்ணு எழுந்து எடம் விடணும். டீச்சர் இல்லையா நான், எனக்குத் தெரியும். அவரும் சரின்னுட்டாரு. ஸொஹ்ராகிட்டேயிருந்து போன் வந்தா ரிசீவரை எடுத்துக்கிட்டு, ஒயர் எட்டுற மட்டும் போயி, கதவுக்கு வெளிய மாடிப்படியில நின்னு பேசுவாரு. நான் போகச் சொல்லலம்மா. அவரே போவாரு. அவ்வளவு மரியாதை தெரிஞ்ச மனுசன்.

நாலு வருசத்துல அவரு பேசினா, கண்ணை மூடிக்கிட்டு கேட்டீங்கன்னா, பிரெஞ்சுக்காரன்தான். நான் கேரண்டி. அப்பத்தான் முதல் சினிமா வந்துச்சு. நல்ல டைரக்டரு. இவரு போயி வசனத்தைச் சுத்தமா, முத்து முத்தா சொல்லிக் காட்டியிருக்காரு. அந்த ஆளு கேட்டுட்டு, "பிரமாதம். ஆனா இது மளிகைக் கடை வெச்சிருக்குற அரபிக்காரன் வேஷம். கொஞ்சம் உங்க ஊரு உச்சரிப்போட சொல்லுங்களேன்"னானாம்.

வீட்டுக்கு வந்து சோபாவுல உக்காந்தாரு. அப்புறம், "செலஸ், மெழுகுவத்தியை அணைச்சிடலாம்"ன்னு சொல்லிச் சிரிச்சாரு. நான் சொன்னேன்: "அவங்க கேக்குற மாதிரி பண்ணுங்க. தெரிஞ்சதை மறைச்சு, தெரியாத மாதிரி பேசுறதும் நடிப்புதானே?" சரின்னு பண்ணினாரு. நல்ல பேரு கிடைச்சுது.

அதுக்கப்புறம் வரிசையா படம். மளிகைக் கடைக்காரன், தெரு கூட்டுறவன், திருடன், போதை மருந்து விக்கிறவன். பெரும்பாலும் பாதிப் படத்துல சுட்டுடுவாங்க. அவரு மாதிரி விதவிதமா செத்துக் காட்டுனவங்க யாரும் கிடையாது. படியில உருண்டு சாவாரு, தண்ணியில விழுந்து சாவாரு, பேசவே மாட்டாரு, விழிச்சபடியே சாவாரு. ரயில்ல குண்டு வைக்கிறவனா ஒரு படம் பண்ணினாரு பாருங்க, அது பாரீஸ் பூரா ஓடுச்சு. அப்ப ஒருநாள் மெத்ரோவுல நாங்க ரெண்டு பேரும் போறோம், எதிர்ல இருந்த அம்மா அவரைப் பாத்துட்டு, பையைக் கட்டிப் பிடிச்சுக்கிட்டு எழுந்து வேற பெட்டிக்குப் போயிடுச்சு. நான், "பாத்தீங்களா, அவ்வளவு தத்ரூபம்!"னு அவரு தொடையில தட்டினேன். எனக்கு அப்படிப் பெருமை. அவரு ஜன்னலையே பாத்துக்கிட்டு வந்தாரு. மறுநாள் மீசையை எடுத்துட்டாரு. அவருக்கு மீசை நல்லா இருக்கும். ஏன் எடுத்தாருன்னு எனக்கு இன்னிவரைக்கும் தெரியல.

தண்ணி இருக்காம்மா? ஒரு வாய் குடுங்க. தேங்க்ஸ்.

அந்தப் படம் அவங்க ஊருக்கும் போச்சு. ரொட்டி சுடுற அப்பா பாத்துட்டாரு. "என் பையன் நம்ம சனத்து மூஞ்சியை வித்துட்டான்"னு கடையில நின்னு சொன்னாராம். பேச்சை நிறுத்திட்டாரு. அப்புறம் பேசவே இல்ல, அவரு சாகுற வரைக்கும். இவரு அடக்கத்துக்குப் போயிட்டு வந்தாரு. எப்படி இருந்துச்சுன்னு கேட்டேன். "ரொட்டி வாசனை அப்படியே இருக்கு"ன்னாரு. அவ்வளவுதான் சொன்னாரு.

அதுக்கு முன்னாடியா, பின்னாடியா... பின்னாடிதான். அவங்க நாட்டுத் தலைநகரம் துனிசுல பெரிய அரங்கம் ஒண்ணுலேருந்து போன் வந்துச்சு. ரெண்டு வருசம் அங்க வந்து இருங்க, பெரிய நாடகம், நீங்கதான் ராசா வேஷம், முழுக்க அரபின்னு. அன்னிக்கு அவரு மாடிப்படிக்குப் போகல. ஹால்லயே நின்னு அரபியில பேசினாரு. பேசி முடிச்சுட்டு சமையலறைக்கு வந்தாரு.

நான் சொன்னேன்: "தாராளமா போங்க. நான் தடுக்கல. எனக்கு வேலை நிரந்தரம், அதை விட்டுட்டு வரமுடியாது. அம்மாவுக்கு முட்டி வலி. இங்க படம் கேட்டு வர்றவன் ரெண்டு வருசம் கழிச்சும் வருவானான்னு தெரியாது. ஆனா உங்க இஷ்டம்."

ஆரஞ்சுப் பழம் ஒண்ணை எடுத்து உரிச்சாரு. சுளை சுளையா பிரிச்சு, நாரெல்லாம் எடுத்து, தட்டுல வட்டமா அடுக்கினாரு. ஒண்ணுகூட சாப்பிடல. தட்டை என் பக்கம் தள்ளி, "வேணாம், செலஸ். போகல"ன்னாரு. அவரு வாயால சொன்னதும்மா அது. ஸொஹ்ரா இன்னிக்கும் என்னமோ நான்தான் காலைக் கட்டினேன்கிற மாதிரி பாக்குறா.

வயசாச்சு. சுடுறதுக்கு இளசா வேற ஆளுங்க வந்துட்டாங்க. படம் குறைஞ்சுபோச்சு. அப்பத்தான் அன்யெஸ்னு ஒரு சின்னப் பொண்ணு, நாடக டைரக்டர், வீடு தேடி வந்துச்சு. ரேடியோவுல இவரு கதை வாசிச்சதைக் கேட்டுச்சாம். நாடு போயி, கண் தெரியாம, மகளோட ஊரூரா அலையுற ஒரு கிழ ராசா. அந்த வேஷம். செய்யுள் மாதிரி பிரெஞ்சு, பக்கம் பக்கமா. "உச்சரிப்பு எப்படி வேணும்?"னு இவரு கேட்டாரு. அந்தப் பொண்ணுக்கு கேள்வியே புரியல. "உங்க உச்சரிப்புதான், மிசியே"ன்னுது.

அந்த மூணு மாசம் எங்க வீட்டைப் பாத்திருக்கணும். குளிக்கும்போது வசனம், காய் நறுக்கும்போது வசனம். கண்ணைக் கட்டிக்கிட்டு வீட்டுக்குள்ள நடப்பாரு, நான் கையைப் பிடிச்சுக் கூட்டிட்டுப் போவேன். ஒரு 'ப' தப்பல. மெத்ரோ சுவத்துல போஸ்டர் ஒட்டினாங்க. அவரு பேரு மேல, பெருசா. நான் பக்கத்துல நின்னு போட்டோ எடுத்துக்கிட்டேன்.

நாடகம் தொடங்க பத்து நாளு இருக்கும். காலையில காப்பி ஊத்துறேன். "சர்க்கரை போதுமா?"ன்னு கேட்டேன். பதில் வரல. திரும்பிப் பாத்தா கப்பு சாஞ்சு மேசையெல்லாம் காப்பி. அவரு அதை என்னமோ முதல் தடவையா பாக்குற மாதிரி பாத்துக்கிட்டிருக்காரு. வாய் ஒரு பக்கம் இழுத்திருக்கு. நான் முதல்ல நடிக்கிறாருன்னு நெனைச்சேன். சத்தியமா. "போதும், விளையாடாதீங்க"ன்னேன்.

மூளையில ரத்தக் குழாய் அடைச்சுக்கிச்சு. உயிரு தப்பிச்சுது, கையும் காலும் கொஞ்சம் கொஞ்சமா வந்துச்சு. அந்த வேஷத்தை வேற ஒருத்தர் போட்டாரு. நல்லாவே பண்ணினாராம். நான் போகல.

பேச்சு மட்டும் குழறல். என்னமோ சொல்லுவாரு, நாங்க உளர்றாருன்னு நெனைச்சோம். பேச்சுப் பயிற்சிக்குன்னு ஆஸ்பத்திரியில ஒரு பொண்ணு வரும். நாற்காலி படம், சாவி படம், பூனை படம் காட்டும். கொஞ்ச நாள் கழிச்சு அது என்னைத் தனியாக் கூப்பிட்டு, "மதாம், அவரு உளறல. எனக்குச் சந்தேகமா இருந்துச்சு, தெரிஞ்சவங்களை விட்டு கேக்கச் சொன்னேன். அவரு அரபி பேசுறாரு. நல்ல அரபி, தப்பில்லாம. பிரெஞ்சுதான் போயிடுச்சு. நாம பேசுறதும் பாதிக்கு மேல அவருக்குப் புரியல. சிலருக்கு அப்படி ஆகும், பின்னாடி கத்துக்கிட்டது முன்னாடி போயிடும். வீட்டுல நீங்க அவர்கூட அரபியில பேசுங்களேன்"னுச்சு.

"எனக்குத் தெரியாது"ன்னேன்.

அந்தப் பொண்ணு என்னைப் பாத்துச்சு பாருங்க. "கொஞ்சம்கூடவா?"

கொஞ்சம்கூட இல்லம்மா. நான் எதுக்குக் கத்துக்கணும்? எங்களுக்குத்தான் ஒரு பாஷை இருந்துச்சே.

வீட்டுக்கு வந்தோம். நீங்க நெனைச்சுப் பாருங்க. காலையில எழுந்து அவரு ஏதோ கேக்குறாரு. நான் தண்ணி குடுக்குறேன். இல்ல. மாத்திரை. இல்ல. போர்வை, ஜன்னல், பேப்பர், செருப்பு, எல்லாம் தூக்கிக் காட்டுறேன். இல்ல, இல்ல. கடைசியில அவரு கையை உதறிட்டு திரும்பிப் படுத்துக்குவாரு. என்ன கேட்டாருன்னு எனக்குத் தெரியாமலே போயிடும். தினம் அப்படி. நான் மெதுவா பேசிப் பாத்தேன், சத்தமா பேசிப் பாத்தேன். அழுதேன். அவரும் அழுதாரு. எதுக்குன்னு ரெண்டு பேருமே சொல்லிக்க முடியல. தப்பாம வந்தது என் பேரு ஒண்ணுதான். "செலஸ்"னு கூப்பிடுவாரு, அதுக்கப்புறம் அரபிதான்.

நான் விடுற ஆளா? முதல் தடவை சொல்லிக் குடுத்தவளுக்கு ரெண்டாவது தடவை முடியாதா? மெழுகுவத்தியை எடுத்து வந்து மேசையில ஏத்தி வெச்சேன். "சொல்லுங்க, ப. ப"ன்னேன். சுடரையே ரொம்ப நேரம் பாத்தாரு. என்னையும் பாத்தாரு. அப்புறம் குனிஞ்சு, ஃபூன்னு ஊதி அணைச்சிட்டாரு. எழுந்து உள்ள போயிட்டாரு.

எனக்கு அன்னிக்கு எவ்வளவு சந்தோசம் தெரியுமா? அவ்வளவு காத்து வருதுன்னா, 'ப'வும் வந்துடும்தானே. அந்தப் பயிற்சிப் பொண்ணுக்கு உடனே போன் பண்ணிச் சொன்னேன். அது, "சரி, மதாம்"னு போனை வெச்சிடுச்சு.

ஸொஹ்ரா போன் பண்ணினா மட்டும் ஆளே மாறிடுவாரு. பேச்சு, சிரிப்பு, பாட்டுகூட. இப்ப மாடிப்படிக்கெல்லாம் போறதில்ல, என் எதிர்லயே உக்காந்து பேசுவாரு. ஸொஹ்ராவோட மகள் இனாஸ், மருந்துக்கடை படிப்பு படிக்குது, அதுக்கு பிரெஞ்சு நல்லா வரும். அதுதான் சொல்லுச்சு: "அத்தை, மாமாவைக் கொஞ்ச நாள் இங்க கூட்டிட்டு வாங்க. அம்மா கேக்குறாங்க."

போனோம். கெஃப்-ல ஸொஹ்ரா வீட்டு வாசல்ல இறங்கினதும் தெருவே கூடிடுச்சு. இவரு ஒவ்வொருத்தர் பேரையும் சொல்லி, கட்டிப் பிடிச்சு, ஏதோ சொல்லி, எல்லாரும் சிரிக்கிறாங்க. தினம் காலையில காப்பிக் கடைக்குப் போயிடுவாரு. அவரு கூடப் படிச்ச கிழவருங்க நாலு பேரு சுத்தி உக்காந்திருப்பாங்க. நான் சமையலறையில ஸொஹ்ராவோட வெங்காயம் உரிப்பேன். அவளுக்கு பிரெஞ்சு வராது, எனக்கு அரபி வராது. ரெண்டு பேரும் சும்மா சிரிச்சுக்குவோம். அவ சிரிப்பு எனக்குப் பிடிக்காது.

ஒருநாள் சாயங்காலம் அந்தப் பழைய நாடகக் குழுக்காரங்க வந்து, வீட்டு முத்தத்துல நாற்காலி போட்டு இவரை உக்கார வெச்சாங்க. எழுந்து நின்னாரு. அந்த ஹன்னிபால் வேஷத்து வசனம், நாப்பத்தஞ்சு வருசத்துக்கு முன்னாடி பேசினது, தடங்கல் இல்லாம வருது. எங்கூட இத்தனை வருசம் இருந்த மனுசன் அப்படி ஒரு குரல்ல பேசி நான் கேட்டதே இல்ல. கிழவருங்க அழறாங்க. பிள்ளைங்க வாயைப் பிளந்து நிக்குது. நான் பக்கத்துல இருந்த இனாஸ்கிட்ட, "என்ன சொல்றாரு, என்ன சொல்றாரு"ன்னு கேக்குறேன். அது, "அப்புறம் சொல்றேன் அத்தை, கேட்டுக்கிறேன்"னுது. வீடியோ எடுத்தேன். இதோ போன்ல இருக்கு, பாருங்க. கை ஆடிடுச்சு, பாதிக்கு மேல தரைதான் தெரியுது.

திரும்புற நாள் வந்துச்சு. ரெண்டு பெட்டியையும் நானே கட்டினேன். அவரு சட்டையெல்லாம் மடிச்சு உள்ள வெச்சா, அவரு வந்து ஒவ்வொண்ணா எடுத்து அலமாரியில திருப்பி வெக்கிறாரு. கோவம் ஒண்ணும் இல்ல, பொறுமையா. நான் திருப்பி வெச்சேன். அவரு திருப்பி எடுத்தாரு. கடைசியில இனாஸ் வந்து என் கையைப் பிடிச்சுக்கிட்டு, "அத்தை, விட்டுடுங்க"ன்னுச்சு.

சரி, உடம்பு இன்னும் கொஞ்சம் தேறட்டும்னு நான்தான் முடிவு பண்ணினேன். நான் பாண்டிக்குப் போயி, அங்க பூட்டிக் கிடக்குற எங்கம்மாவோட பழைய வீட்டைச் சுத்தம் பண்ணி வெச்சுட்டு, குளிர் முடிஞ்சதும் வந்து கூட்டிட்டுப் போறேன்னு சொல்லியாச்சு. பாண்டி காத்துல மறுபடி முதல்லேருந்து ஆரம்பிக்கலாம். ஸொஹ்ரா "இன்ஷா அல்லா"ன்னா. அது அவங்க எல்லாத்துக்கும் சொல்றதுதான்.

டாக்சி வந்து நின்னுச்சு. அவரு வாசல் வரைக்கும் வந்தாரு. என் ரெண்டு கையையும் பிடிச்சுக்கிட்டு பேச ஆரம்பிச்சாரு. மேடைக் குரல் இல்ல. தாழ்ந்த குரல்ல, நிறுத்தி நிறுத்தி. நடுநடுவுல "செலஸ்"னு வரும், அது மட்டும் எனக்குப் புரியும். ரொம்ப நேரம் பேசினாரு. ஸொஹ்ரா முக்காட்டு நுனியால வாயைப் பொத்திக்கிட்டா. இனாஸ் சுவத்துப் பக்கம் திரும்பிக்கிச்சு. டாக்சிக்காரன், முன்னப்பின்ன தெரியாதவன், வண்டியை அணைச்சுட்டு, தொப்பியைக் கழட்டிக் கையில வெச்சுக்கிட்டான். அவனுக்குக்கூட புரியுது.

அவரு முடிச்சாரு. நான் கேட்டேன்: "இனாஸ், என்ன சொன்னாரு?"

அது கண்ணைத் துடைச்சுக்கிட்டு, "நன்றின்னு சொல்றாரு அத்தை"ன்னுச்சு.

"இவ்வளவு நேரம் பேசினாரே. அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான் அத்தை."

நடிகருங்க பாருங்கம்மா. ஒரு நன்றி சொல்றதுக்குக்கூட அவ்வளவு நேரம் எடுத்துக்குவாங்க.